மார்ட்டின் வான் கிரெவெல்டின் போர் நூல்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

போர் வரலாறு பேசுகிற இடத்தில் கிரெவெல்ட் பெயர் வந்துவிட்டால் போதும். "அன்றே சொன்னார், எல்லாம் நடந்துவிட்டது" என்பார் ஒருவர். "ஒன்றுகூடப் பலிக்கவில்லை" என்பார் அடுத்தவர். இரண்டு பேரும் மனதில் வைத்திருப்பது பெரும்பாலும் அவருடைய ஒரே ஒரு புத்தகத்தை. அந்த மனிதர் இருபதுக்கும் மேற்பட்ட நூல்கள் எழுதியிருக்கிறார். அவற்றில் அருமையானவையும் உண்டு, எழுதாமலே இருந்திருக்கலாம் என்று நினைக்க வைப்பவையும் உண்டு. என் காதில் திரும்பத் திரும்ப விழுந்த சந்தேகங்களை, கேட்டவர்கள் கேட்டபடியே கீழே தொகுத்திருக்கிறேன்.

1. யார் இந்தக் கிரெவெல்ட்? ராணுவத்தில் பெரிய பதவியில் இருந்தவரா?

இல்லை, பேராசிரியர். 1946-இல் நெதர்லாந்தின் ராட்டர்டாமில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். சிறு குழந்தையாக இருந்தபோதே குடும்பம் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்தது. லண்டன் பொருளாதாரப் பள்ளியில் முனைவர் பட்டம் வாங்கிவிட்டு, 1971 முதல் ஜெருசலேம் ஹீப்ரு பல்கலைக்கழகத்தின் வரலாற்றுத் துறையில் பல பத்தாண்டுகள் இருந்தார்.

சண்டை போடாதவர் சண்டையைப் பற்றி என்ன எழுதுவது என்று சிலர் முகம் சுளிப்பார்கள். அவருடைய பலமே வேறு இடத்தில் இருக்கிறது. தளபதிகள் எழுதிய நினைவுக் குறிப்புகளை அவர் பெரிதாக நம்புவதில்லை. எத்தனை வண்டி, எத்தனை டன், எந்த ஸ்டேஷனில் எத்தனை நாள் சரக்கு தேங்கி நின்றது என்று தேடிப் போகிறவர் அவர். வீரதீரக் கதையை எதிர்பார்த்து வருகிறவர்களுக்கு முதல் ஐம்பது பக்கம் கொஞ்சம் வறட்சியாகத்தான் இருக்கும்.

2. எந்தப் புத்தகத்தில் ஆரம்பிப்பது? எல்லோரும் 1991-இல் வந்ததைத்தான் சொல்கிறார்கள்.

'தி டிரான்ஸ்ஃபர்மேஷன் ஆஃப் வார்' என்கிற அந்த 1991 நூல்தான் அவரைப் பிரபலமாக்கியது. ஆனால் அதில் ஆரம்பித்தால் அவரை ஒரு ஜோசியராகவே பார்க்கத் தொடங்கிவிடுவீர்கள். முதலில் 1977-இல் வந்த, படைகளுக்குச் சரக்கு போய்ச் சேர்வதைப் பற்றிய 'சப்ளையிங் வார்', அடுத்து 1985-இல் வந்த 'கமாண்ட் இன் வார்', அப்புறம் 1991 நூல். இந்த வரிசையில் போனால், பின்னால் அவர் அடித்துச் சொல்கிற விஷயங்களுக்கு அடிப்படை எங்கிருந்து வந்தது என்பது தெரியும். எந்த இடத்தில் அடிப்படை இல்லாமலே அடித்துச் சொல்கிறார் என்பதும் தெரியும்.

3. 'சப்ளையிங் வார்' பேசுகிற லாஜிஸ்டிக்ஸ் (படைக்கு உணவும் சரக்கும் கொண்டுசேர்ப்பது) என்றால் மூட்டை தூக்குகிற வேலைதானே? அதற்குப் போய் ஒரு முழுப் புத்தகமா?

ஒரே ஒரு கணக்கு போட்டுப் பாருங்கள். உழைக்கிற குதிரை ஒன்றுக்கு நாளொன்றுக்குச் சுமார் 10 கிலோ தீவனம் வேண்டும். 40,000 குதிரைகளோடு ஒரு படை நகர்கிறது என்றால் தினம் 400 டன். அந்தத் தீவனத்தை வண்டியில் ஏற்றிவந்தால் வண்டி இழுக்கிற குதிரைக்கும் தீவனம் வேண்டும், அதைக் கொண்டுவர இன்னும் வண்டி வேண்டும். சரி, அப்படியானால் 17, 18-ஆம் நூற்றாண்டுப் படைகள் எப்படி நடமாடின? போகிற வழியில் வயல்களை மேய்ந்துகொண்டே போயின என்பதுதான் கிரெவெல்டின் பதில்.

இதிலிருந்து தலைகீழான ஒரு முடிவு வருகிறது. ஓடிக்கொண்டிருக்கிற படைக்குச் சாப்பாட்டுப் பிரச்சினை குறைவு. ஒரு கோட்டையைச் சுற்றி வளைத்து ஒரே இடத்தில் உட்கார்ந்த படைக்குத்தான் ஆபத்து, ஏனென்றால் சில வாரங்களில் சுற்றுவட்டாரமே மொட்டையாகிவிடும். அந்தக் காலத்துத் தளபதிகள் கிடங்குகளைக் கட்டிக்கொண்டு அழுதார்கள், நெப்போலியன் வந்துதான் படைகளை அவிழ்த்துவிட்டார் என்று அதுவரை பாடப்புத்தகங்களில் இருந்த சித்திரத்தை அவர் இந்தத் தீவனக் கணக்கால் அடித்தார். அடி கொஞ்சம் பலமாகவே விழுந்துவிட்டது. அதை 14-ஆம் கேள்வியில் பார்க்கலாம்.

4. ரயில் வந்ததும் அந்தப் பிரச்சினை தீர்ந்திருக்குமே?

எல்லோரும் அப்படித்தான் நினைக்கிறோம். 1870-இல் பிரான்சோடு நடந்த போரில், தளபதி மோல்ட்கே பிரஷ்யப் படையை ரயிலில் எல்லைக்குக் கொண்டுபோய் இறக்கியதை ராணுவப் பள்ளிகள் இன்றும் சொல்லிக்கொடுக்கின்றன. இறக்கியது வரைக்கும் சரி. அதற்கப்புறம் என்ன ஆனது என்று பார்த்தவர் கிரெவெல்ட். சரக்கு ரயில்கள் எல்லைப் பக்கம் வந்து வரிசையாக நின்றன, இறக்க ஆள் இல்லை, இறக்கியதை முன்னால் கொண்டுபோக வண்டி இல்லை. படையோ பிரான்சுக்குள் போய், பிரெஞ்சு விவசாயியின் விளைச்சலைத் தின்றுகொண்டிருந்தது. ரயில் போரைத் தொடங்கி வைத்தது. முன்னேறிப் போன படைக்கு அதனால் பெரிய பயன் இல்லை.

1914-இல் இது இன்னும் மோசம். பெல்ஜியம் வழியாகப் பாரிஸை நோக்கி இறங்கிய தளபதி குளுக்கின் முதலாம் ஜெர்மன் படையிடம் 84,000 குதிரைகள் இருந்தன. நாளொன்றுக்குத் தீவனம் மட்டும் சுமார் 900 டன். அதைக் கொண்டுவர உருப்படியான ஏற்பாடு எதுவும் கிடையாது. குதிரைகள் வயலில் நின்ற பச்சைப் பயிரைத் தின்று நோயில் விழுந்தன. மார்ன் ஆற்றங்கரையில் செப்டம்பரில் தடுக்கப்படாமல் இருந்திருந்தாலும் அந்தப் படை அதிக தூரம் போயிருக்க முடியாது என்கிறார் கிரெவெல்ட். பெல்ஜியம் வழியாகச் சுற்றிப் போய் பிரான்சை வேகமாக வீழ்த்த ஜெர்மனி போட்ட ஷ்லீஃபென் திட்டம் ஏன் தோற்றது என்று வாதாடுகிறவர்கள் இந்தக் குதிரைகளைத் தாண்டிவிட்டுப் பேசுவது எனக்கு எப்போதும் வியப்புதான்.

5. ரோம்மலுக்கு மட்டும் ஒழுங்காக சப்ளை அனுப்பியிருந்தால் எகிப்தைப் பிடித்திருப்பார், இல்லையா?

இரண்டாம் உலகப் போரில் வட ஆப்பிரிக்காவில் ஜெர்மன் படையை நடத்திய ரோம்மலுக்கு 'பாலைவன நரி' என்று பெயர், அவர் ரசிகர்களுக்கு இந்தப் பதில் பிடிக்காது. வழக்கமாகச் சொல்லப்படுவது இது: மால்டா தீவிலிருந்து பிரிட்டிஷார் கப்பல்களை மூழ்கடித்தார்கள், அதனால் ரோம்மலுக்குப் பெட்ரோல் வரவில்லை. கிரெவெல்ட் துறைமுகக் கணக்குகளை எடுத்துப் பார்த்தார். கடலில் போனது போக, ஆப்பிரிக்கக் கரையில் வந்து இறங்கிய சரக்கே கணிசமாக இருந்தது. கஷ்டம் கரையிலிருந்து போர்முனைக்குக் கொண்டுபோவதில்தான்.

பெரிய துறைமுகம் திரிப்போலி. அங்கிருந்து அலெக்சாண்டிரியா ஏறக்குறைய 2,000 கிலோமீட்டர். நடுவில் பயன்படுகிற மாதிரி ரயில் பாதை இல்லை, கடலோரமாக ஒரே சாலை, மேலே எதிரி விமானம். பெட்ரோல் ஏற்றிப் போகிற லாரி போகவர அந்தப் பெட்ரோலையே குடிக்கும். ரோம்மல் ஜெயித்து முன்னேற முன்னேற அவருக்குப் பின்னால் இருந்த இந்தக் கயிறு நீண்டுகொண்டே போனது. பெர்லினும் ரோமும் இன்னும் கொஞ்சம் தாராளமாக அனுப்பியிருந்தாலும் அது துறைமுகத்தில்தான் குவிந்திருக்கும். திரிப்போலியைக் காத்துக்கொண்டு நில் என்பதுதான் அவருக்குக் கிடைத்த உத்தரவின் சாரம். அதை மீறியதால்தான் அவர் பெயர் நமக்குத் தெரிகிறது என்பது வேறு விஷயம்.

6. ரஷ்யாவில் ஜெர்மனியைத் தோற்கடித்தது பனிதானே?

பனி வருவதற்கு முன்பே மூச்சு வாங்கத் தொடங்கிவிட்டது. சோவியத் தண்டவாளம் அகலமானது. ஜெர்மன் ரயில் அதில் ஓடாது, மாற்றிப் போட்டுக்கொண்டே போக வேண்டும். பல நாடுகளிலிருந்து பிடுங்கிவந்த பலவகை லாரிகள், ஒவ்வொன்றுக்கும் வேறு உதிரிபாகம். கூடவே 6 லட்சத்துக்கும் மேற்பட்ட குதிரைகள். 1941-இல் மாஸ்கோ நோக்கிப் போனது டாங்கிகளின் படை என்று படங்களில் பார்க்கிறோம். உண்மையில் பெரும்பகுதி நடந்தும் குதிரை வண்டியிலும் போன படை.

7. 'கமாண்ட் இன் வார்' என்ன சொல்கிறது? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

போர்க்களத்தில் தளபதிக்கு எல்லாம் தெரியவே தெரியாது. அந்த இருட்டோடு எப்படிக் குடும்பம் நடத்துவது என்பதுதான் புத்தகம். வழி இரண்டு. ஒன்று, மேலும் மேலும் தகவல் சேகரிப்பது. மற்றது, குறைந்த தகவலை வைத்தே வேலை செய்யும்படி படையை அமைப்பது, அதாவது கீழே இருப்பவன் தானே முடிவெடுக்கும்படி விட்டுவிடுவது. இரண்டாவதே பெரும்பாலும் ஜெயித்திருக்கிறது என்பது அவர் கட்சி.

அவர் எடுக்கும் உதாரணங்களில் என்னை அசத்தியது 1806 அக்டோபர் 14. நெப்போலியன் ஜெனாவில் பிரஷ்யர்களை நொறுக்குகிறார். தான் அடித்தது அவர்களுடைய முக்கியப் படையை என்றே நினைக்கிறார். முக்கியப் படையோ வடக்கே ஆவர்ஸ்டெட்டில், தளபதி தாவூவின் ஒற்றைப் படைப்பிரிவோடு அதே நேரத்தில் மோதிக்கொண்டிருந்தது. தாவூ தன் பொறுப்பில் நின்று ஜெயித்தார். பேரரசருக்கு விஷயம் பிறகுதான் போய்ச் சேர்ந்தது, முதலில் நம்பவும் இல்லை. தலைவருக்குத் தெரியாமலே அன்றைய பெரிய வெற்றி கிடைத்தது என்றால், அது அவர் முன்கூட்டியே கட்டிவைத்திருந்த அமைப்பின் வெற்றி.

எதிர்ப்பக்க உதாரணம் வியட்நாம். கீழே ஒரு கம்பெனி கமாண்டர் தோட்டா மழையில் படுத்துக் கிடக்கிறார். அவர் தலைக்கு மேல் ஹெலிகாப்டரில் பட்டாலியன் கமாண்டர் வட்டமிடுகிறார். அவருக்கு மேலே இன்னொரு ஹெலிகாப்டரில் பிரிகேட் கமாண்டர். அதற்கும் மேலே டிவிஷன் கமாண்டர். எல்லோரும் ரேடியோவில் கீழே இருப்பவரிடமே கேள்வி கேட்கிறார்கள். தகவலுக்குப் பஞ்சமே இல்லை. கீழே கிடப்பவருக்குச் சண்டை போடத்தான் நேரம் இல்லை.

8. இப்போது ட்ரோன், செயற்கைக்கோள் எல்லாம் வந்துவிட்டதே. அந்தப் புத்தகம் காலாவதியாகவில்லையா?

நான் இதை எதிர்த்திசையில் படிக்கிறேன். அந்த ஹெலிகாப்டர் அடுக்குக்குப் பதிலாக இன்று தலைமையகச் சுவரில் ட்ரோன் நேரலை ஓடுகிறது. எட்டிப் பார்க்கிற ஆசை அதே ஆசை. கண்ணுக்குத் தெரிகிறது என்பதற்காக ஜெனரல் ஒருவர் ஒரு பத்து பேர் கொண்ட பிரிவை நேரடியாக நடத்த ஆரம்பித்தால், அந்த நேரத்தில் ஜெனரல் வேலையை யார் பார்ப்பது?

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். இயந்திரமே படங்களைச் சலித்து இலக்கைப் பரிந்துரைக்கிற காலம் வரும் என்று 1985-இல் அவர் எழுதவில்லை. அந்தப் பகுதிக்கு வேறு ஆட்களைப் படிக்க வேண்டும்.

9. ஜெர்மன் ராணுவத்தை ரொம்பப் புகழ்கிறாராமே? நாஜி அனுதாபம் இருக்குமோ?

1982-இல் வந்த 'ஃபைட்டிங் பவர்' நூலை வைத்துக் கிளம்பிய பேச்சு. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் ராணுவத்தையும் அமெரிக்க ராணுவத்தையும் அவர் அதில் ஒப்பிடுகிறார். ஆளுக்கு ஆள் பார்த்தால் ஜெர்மன் பிரிவுகள் நன்றாகச் சண்டை போட்டன என்கிறார். அவர் பிறந்த குடும்பத்தை மேலே சொன்னேன். அனுதாபம் என்கிற குற்றச்சாட்டு அங்கேயே அடிபட்டுப் போகிறது.

அவர் காட்டுகிற காரணம் நிர்வாகம். ஜெர்மானியர் புது ஆட்களை ஒரே ஊர்ப்பக்கத்திலிருந்து சேர்த்து, ஒன்றாகப் பயிற்சி கொடுத்து, ஒன்றாகவே முன்னணிக்கு அனுப்பினார்கள். அமெரிக்கர்கள் ஆள் குறைந்த இடத்துக்கு உதிரிபாகம் அனுப்புவது போல ஒவ்வொருவராக அனுப்பினார்கள். பெயர் தெரியாத பிரிவில் இரவோடு இரவாகப் போய்ச் சேர்ந்த பையன், யாரும் அவனைத் தெரிந்துகொள்ளும் முன்பே செத்துப்போன கதைகள் ஏராளம்.

குறையும் உண்டு, பெரிய குறை. ஓமர் பார்டோவ் போன்ற வரலாற்றாசிரியர்கள் அந்த ஒற்றுமைக்குப் பின்னால் இருந்த நாஜி சித்தாந்தத்தையும் பயத்தையும் எடுத்துக்காட்டினார்கள். ஜெர்மன் ராணுவம் தன் சொந்த வீரர்களில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு மரண தண்டனை நிறைவேற்றியது. அதே போரில் அமெரிக்க ராணுவத்தில் ஓடிப்போன குற்றத்துக்காகச் சுடப்பட்டவர் ஒரே ஒருவர். கிழக்கு முன்னணியில் மூன்று நான்கு சண்டைகளுக்குள் அந்த 'ஒரே ஊர்' பிரிவுகள் கரைந்தே போயின என்பதும் பார்டோவின் வாதம். இந்த விவாதத்தில் என் ஓட்டு பார்டோவுக்குத்தான்.

10. சரி, அந்த 1991 புத்தகத்துக்கு வருவோம். அதில் அப்படி என்ன இருக்கிறது?

அரசும் அரசும், சீருடை போட்ட படைகளை அனுப்பி, எல்லையில் மோதிக்கொள்கிற போர் என்பது மனித வரலாற்றில் ஒரு குறுகிய காலத்து ஏற்பாடு என்கிறார். அதன் பொற்காலம் ஐரோப்பாவின் முப்பதாண்டுப் போரை முடித்த 1648-இன் வெஸ்ட்ஃபேலியா உடன்பாடு முதல் 1945 வரை. அணுகுண்டு வந்ததும் பெரிய நாடுகள் ஒன்றோடொன்று முழுப்போர் நடத்த முடியாமல் போயிற்று. ஆனால் போர் போகாது. இனக்குழுக்கள், மத இயக்கங்கள், கொள்ளைக் கூட்டங்கள், கெரில்லாக்கள் என்று வேறு கைகளுக்குப் போகும். ராணுவத்தானுக்கும் ஊராருக்கும் இடையே இருந்த கோடு அழியும். விலையுயர்ந்த டாங்கிகளும் போர் விமானங்களும் அந்தச் சண்டையில் உதவாது.

புத்தகம் வந்த நேரம் வேடிக்கையானது. அதே 1991-இல் வளைகுடாப் போர். டாங்கியும் விமானமுமாக அமெரிக்கா நூறு மணி நேரத் தரைப்போரில் ஈராக் படையைக் குவைத்திலிருந்து விரட்டியது. கிரெவெல்டைக் கேலி செய்யாதவர் இல்லை. இரண்டே ஆண்டில் சோமாலியாவின் மொகடிஷுவில் அதே அமெரிக்கா சந்துச் சண்டையில் மாட்டிக்கொண்டது. 2001 செப்டம்பர் 11-க்குப் பிறகு புத்தகம் திடீரென்று தீர்க்கதரிசனம் ஆகிவிட்டது.

11. கிளாஸ்விட்ஸைத் தப்பாகப் புரிந்துகொண்டுதான் இவர் அப்படி எழுதினார் என்கிறார்களே?

பெருமளவு நியாயமான புகார். போர்க் கோட்பாட்டுக்குப் பெயர்போன பிரஷ்யத் தளபதி கிளாஸ்விட்ஸ் 1831-இல் காலராவில் இறந்தார். அவர் முடிக்காமல் விட்ட 'ஆன் வார்' நூலை மனைவி மேரி அடுத்த ஆண்டு முதல் பதிப்பித்தார். அதில் போரை இயக்கும் மூன்று சக்திகள் பற்றி ஒரு சின்னப் பகுதி வருகிறது. கிரெவெல்ட் அதை மக்கள், படை, அரசாங்கம் என்று படித்து, இந்த மூன்றும் பிரிந்து நிற்காத இன்றைய சண்டைகளுக்குக் கிளாஸ்விட்ஸ் பயன்பட மாட்டார் என்று தள்ளிவிட்டார்.

மூலத்தில் முதலில் நிற்பவை வேறு: வெறுப்பும் வன்மமும் ஒன்று, தற்செயலின் விளையாட்டு இரண்டு, அறிவின் கணக்கு மூன்று. மக்கள், படை, அரசாங்கம் ஆகியவை அந்தச் சக்திகள் முக்கியமாகத் தங்கும் இடங்களாக அடுத்து வருகின்றன. கெரில்லா இயக்கத்துக்கும் வன்மம் உண்டு, தற்செயல் உண்டு, கணக்கு உண்டு. ஆகவே கிளாஸ்விட்ஸ் அவ்வளவு சுலபமாகப் பழசாகிவிடவில்லை. ஆனால் இந்தப் புகாரால் 10-ஆம் பதிலில் சொன்ன முக்கியக் கருத்து விழுந்துவிடாது. கிளாஸ்விட்ஸை வம்புக்கு இழுக்காமலே கிரெவெல்ட் அதைச் சொல்லியிருக்கலாம்.

12. அணுகுண்டு இருந்தால் நாடுகளுக்குள் போர் வராது என்கிறார். கார்கில் எப்படி வந்தது?

வராது என்று சொல்லவில்லை, ஒரு அளவுக்கு மேல் போகாது என்கிறார். கார்கில் அதற்கு நல்ல உதாரணம். 1998 மே மாதம் இந்தியாவும் பாகிஸ்தானும் அணு ஆயுதச் சோதனை நடத்தின. ஓராண்டில், 1999 மே முதல் ஜூலை வரை கார்கில் சண்டை. பாகிஸ்தான் தன் படையினரை முஜாகிதீன்கள் என்று சொல்லி அனுப்பியது. இந்திய விமானப்படைக்குக் கட்டுப்பாட்டு எல்லைக் கோட்டைத் தாண்டக் கூடாது என்று உத்தரவு. 1965-லும் 1971-லும் நடந்தது போல லாகூர் முனை, ராஜஸ்தான் முனை என்று விரியவில்லை.

ஆனாலும் மலைமுகட்டில் ஏறியவர்களுக்கு அது 'சிறிய' போர் இல்லை. இரண்டு பக்கமும் சீருடைப் படைதான் மோதியது, பீரங்கிதான் தீர்மானித்தது. அரசுகளின் வழக்கமான போர் செத்துவிட்டது என்று அவர் வேகமாக எழுதிய இடங்களைக் கார்கில் கொஞ்சம் திருத்துகிறது.

13. இவ்வளவு பெரிய ராணுவங்கள் எப்படிச் சின்னக் கூட்டத்திடம் தோற்கும்? அப்படியானால் கெரில்லாக்களை யாருமே ஜெயித்ததில்லையா? 2009-இல் இலங்கையில் நடந்தது என்ன?

முதல் பாதிக்கு அவர் பதில்: வலியவன் எளியவனோடு நாள்கணக்கில் மோதினால் வலியவனே நோஞ்சானாகிவிடுவான். அடித்தால் அக்கிரமம், அடி வாங்கினால் அவமானம். எளியவன் தோற்காமல் இருந்தாலே ஜெயித்த மாதிரி. வியட்நாமில் அமெரிக்காவுக்கும், 1982 முதல் 2000 வரை லெபனானில் இஸ்ரேலுக்கும் இதுதான் நடந்தது. தன் நாட்டு ராணுவத்தின் வரலாறாக 1998-இல் அவர் எழுதிய நூலில், கல்லெறிகிற சிறுவர்களைத் துரத்தி அந்த ராணுவம் எப்படித் தேய்ந்தது என்று காட்டமாகவே எழுதினார். 1987 முதல் 1990 வரை இலங்கையில் இருந்த இந்திய அமைதிப் படையையும் இந்த வரிசையில் வைத்துப் பார்க்கலாம்: ஆயிரத்துக்கும் மேற்பட்ட வீரர்களை இழந்து, வந்த காரியமும் முடியாமல் திரும்பியது.

இரண்டாவது பாதிக்கு, 2006-இல் வந்த 'தி சேஞ்சிங் ஃபேஸ் ஆஃப் வார்' நூலில் ஜெயித்தவர்கள் என்று இரண்டு பேரைக் காட்டுகிறார். ஒன்று வட அயர்லாந்தில் பிரிட்டன். 1972 ஜனவரி 30 அன்று டெர்ரியில் ஒரே நாளில் 13 பேரைச் சுட்டுக்கொன்ற பிறகு பாடம் படித்து, பெரும்பாலும் கையைக் கட்டிக்கொண்டு, பொறுமையாகப் பல பத்தாண்டுகள் நின்றது. மற்றது சிரியாவின் அதிபர் ஹாஃபிஸ் அல் அசாத். 1982 பிப்ரவரியில் ஹமா நகரத்தையே பீரங்கியால் தரைமட்டமாக்கினார், செத்தவர்கள் பல்லாயிரம். ஒன்று முழுப் பொறுமை, இல்லாவிட்டால் ஒரே அடியில் முழுக் கொடூரம். நடுவில் தள்ளாடினால் தோல்வி.

இலங்கையின் கடைசிக் கட்டம் இரண்டாவது வகைக்குப் பக்கத்தில் வருகிறது. 2011-இல் ஐ.நா. நிபுணர் குழு, இறுதி மாதங்களில் 40,000 வரை பொதுமக்கள் இறந்திருக்கலாம் என்றது. இன்னொன்றும் உண்டு: விடுதலைப் புலிகள் அப்போது வெறும் கெரில்லாக்களாக இல்லை. நிலம், நிர்வாகம், கடற்படை, சிறு விமானங்கள் என்று ஒரு அரசு போலவே இருந்தார்கள், முன்வரிசை அமைத்துச் சண்டையிட்டார்கள். மரபான ராணுவத்தோடு மரபான முறையில் மோதியதும் கணக்கு மாறியது.

இந்த 'வெற்றி' என்பதை எத்தனை ஆண்டுக்கு வெற்றி என்று கேட்காமல் விட்டதுதான் கிரெவெல்டிடம் எனக்குள்ள மனத்தாங்கல். ஹமாவில் 29 ஆண்டு அமைதி. 2011-இல் அதே ஊர் தெருவில் இறங்கியது. 2024 டிசம்பரில் ஹமா விழுந்த சில நாட்களில் அசாத் குடும்பத்தின் ஆட்சியே போய்விட்டது.

14. அவர் கணக்குகளே தப்பு என்று யாரோ எழுதியிருக்கிறார்களாமே?

ஜான் லின். அமெரிக்க வரலாற்றாசிரியர், பதினான்காம் லூயியின் படைகளைக் கரைத்துக் குடித்தவர். 1993-இல் தாம் தொகுத்த ஒரு நூலில், 3-ஆம் பதிலில் பார்த்த 'வயலை மேய்ந்த படை' சித்திரத்தைப் பிரித்துப் போட்டார். பிரெஞ்சுப் படைக்குக் கிடங்குகள் உண்மையிலேயே முக்கியமாக இருந்தன என்றும், ஒரு ஊரில் எவ்வளவு உணவு கிடைத்திருக்கும் என்று கிரெவெல்ட் போட்ட மதிப்பீடு தாராளமானது என்றும் காட்டினார். அந்த நூற்றாண்டுக்கு லின்னைத்தான் நம்ப வேண்டும். 1870-க்குப் பிந்திய அத்தியாயங்களை இந்த விமர்சனம் அதிகம் தொடவில்லை.

15. ஈராக் போரைப் பற்றி அகஸ்டஸ் சீசரோடு ஒப்பிட்டு எழுதியவர் இவர்தானா?

இவரேதான், 2005-இல். அகஸ்டஸ் ஜெர்மனிக்குப் படைகளை அனுப்பி இழந்ததற்குப் பிறகு இவ்வளவு முட்டாள்தனமான போர் நடந்ததில்லை என்று எழுதினார். வேடிக்கை என்னவென்றால், மூன்று லீஜியன்கள் (ரோமானியப் படைப்பிரிவுகள்) அழிந்த அந்தச் சண்டை கி.பி. 9-இல் நடந்தது, கட்டுரையில் கி.மு. 9 என்று அச்சாகி, அப்படியே உலகம் சுற்றியது.

16. பெண்கள் ராணுவத்தில் சேர்வதைப் பற்றி ஏதோ எழுதி வம்பில் மாட்டினாராமே?

2001-இல் வந்த 'மென், விமன் அண்ட் வார்'. பெண்கள் வருவது ராணுவங்கள் நலிவதற்கு அடையாளம் என்கிறார். வாதத்தைத் தாங்கும் அளவுக்குச் சான்று இல்லை. முடிவைக் கையில் வைத்துக்கொண்டு ஆதாரம் தேடிய புத்தகம். தீவனத்தை டன் கணக்கில் எண்ணியவரா இதை எழுதினார் என்று தோன்றும். பின்னாளில் இதே திக்கில் இன்னும் சில எழுதினார். நேரம் குறைவாக இருப்பவர்கள் தாண்டிப் போகலாம்.

17. ஜான் கீகன் படித்திருக்கிறேன். இவரும் அதே ரகம்தானா?

வேறு ரகம். பிரிட்டிஷ் போர் வரலாற்றாசிரியர் கீகன் 1976-இல் எழுதிய 'தி ஃபேஸ் ஆஃப் பேட்டில்' அஜின்கோர்ட், வாட்டர்லூ, சொம் ஆகிய மூன்று சண்டைகளிலும் சாதாரண வீரன் என்ன கண்டான், எப்படிப் பயந்தான் என்று கேட்கிறது. அதற்கு அடுத்த ஆண்டு வந்த கிரெவெல்டின் 'சப்ளையிங் வார்', அந்த வீரனின் ரொட்டி எங்கிருந்து வந்தது என்று கேட்கிறது. நடை கீகனுடையதுதான் அழகு. இரண்டையும் அடுத்தடுத்துப் படித்துப் பாருங்கள், முதல் உலகப் போர் இரண்டு வெவ்வேறு போர்கள் போலத் தெரியும்.

18. கடைசியாக, உக்ரைன். டாங்கி, பீரங்கி, பதுங்குகுழி எல்லாம் திரும்பி வந்துவிட்டனவே. 1991 புத்தகத்தைக் குப்பையில் போடலாமா?

2022 பிப்ரவரி 24 அன்று ஒரு பெரிய அரசு இன்னொரு அரசின் எல்லையைத் தாண்டிப் படையெடுத்தது. சீருடைப் படைகள், நீண்ட முன்வரிசை, லட்சக்கணக்கில் பீரங்கிக் குண்டுகள். 'அந்த மாதிரிப் போர் முடிந்தது' என்கிற வாக்கியத்தை இனி யாரும் காப்பாற்ற முடியாது. வாதத்தின் இன்னொரு பாதி மட்டும் நிற்கிறது: அணு ஆயுதம் உள்ள ரஷ்யாவும் அணு ஆயுதம் உள்ள நேட்டோ நாடுகளும் ஒன்றையொன்று நேராகத் தொடவில்லை. அடி வாங்கியது அணுகுண்டு இல்லாத நாடு. 12-ஆம் பதிலில் சொன்ன அளவுகோல் இங்கேயும் வேலை செய்கிறது.

என்னைக் கேட்டால், இந்தப் போருக்கு அவர் எழுதியதில் உதவுவது 1991 நூலைவிட 1977 நூல். ரஷ்ய ராணுவம் ரயிலை நம்பிய ராணுவம். குண்டும் எரிபொருளும் பெருமளவு ரயிலில்தான் வரும், அங்கிருந்து லாரி. முதல் வாரங்களில் கீவ் நகரத்துக்கு வடக்கே சுமார் 64 கிலோமீட்டர் நீளத்துக்கு ராணுவ வண்டிகள் சாலையில் நகராமல் நின்றதைச் செயற்கைக்கோள் படங்களில் உலகமே பார்த்தது. அந்த முனையில் ரயில் வசதி கைக்கு வரவில்லை, சாலை ஓரங்களில் சேறு, எரிபொருள் லாரிகளை உக்ரைன் வீரர்கள் தேடித் தேடி அடித்தார்கள். தெற்கே, கிரைமியாவின் ரயில் பாதைகள் பின்னால் இருந்த பக்கத்தில், அதே ராணுவம் வேகமாக முன்னேறி கெர்சோனைப் பிடித்தது.